அக்கரையில் வெடி என்றால் வேறு

யோகேஸ்வரிக்கு ஒரே வாயில் இரண்டு தமிழ். ஆனைக்குட்டம் அகதி முகாமை விட்டு வெளியே வந்து பஸ் ஸ்டாப்பில் நின்றாளானால், "ஏக்கா, எம்புட்டு நேரமா நிக்கீக? சாத்தூர் வண்டி போயிருச்சா?" என்று கேட்பாள். கேட்கிறவர்கள் அவளைப் பக்கத்துத் தெருவில் பிறந்து வளர்ந்தவள் என்றே நினைப்பார்கள். அதே ஆள் வீட்டுக்குள் போய்ச் செருப்பைக் கழற்றியதும், "தேத்தண்ணி போடட்டே? கெதியாக் குடிச்சிட்டு எழும்பு" என்று மகளிடம் சொல்வாள். இரண்டுக்கும் நடுவில் துளித் தடுமாற்றம் இருக்காது.

இந்த வித்தையை அவள் ஆசைப்பட்டுக் கற்கவில்லை. தொண்ணூறாம் வருஷம், ஒன்பது வயதில், அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டு மன்னார்ப் பக்கத்திலிருந்து படகேறி வந்தவள் அவள். மண்டபத்தில் இறக்கி, பெயரை எழுதி, லாரியில் ஏற்றி இந்த ஊருக்கு அனுப்பினார்கள். பள்ளிக்கூடத்தில் சேர்த்த முதல் வாரம் டீச்சரிடம், "உங்கட சீலை நல்ல வடிவு டீச்சர்" என்று சொல்லிவிட்டாள். அழகு என்ற அர்த்தத்தில் நல்ல வார்த்தைதான் சொன்னாள். ஆனால் வகுப்பு முழுக்கச் சிரித்தது. அதற்குப் பிறகு பள்ளிக்கூடம் முடிகிற வரைக்கும் அவள் பெயர் வடிவு. பிள்ளைகள் ஒன்றைப் பிடித்துக்கொண்டால் விடுமா? இனி ஒருத்தர் வாயிலும் விழக்கூடாது என்று அந்த வயதிலேயே முடிவு கட்டினாள். நம் ஊர்ப் பேச்சை உருப்போட்டுப் படித்தாள். பாடத்தைக்கூட அவள் அப்படிப் படித்ததில்லை என்று அவள் அம்மா சாகிற வரைக்கும் சொல்லிக்கொண்டிருந்தார்.

பேச்சு சோறு போடவும் செய்தது. வெடிமருந்து புழங்குகிற இடத்தில் முகாம் ஆட்களைச் சேர்க்க முதலாளிகள் யோசிப்பார்கள். போலீஸ் வந்து நாலு கேள்வி கேட்டால் யார் பதில் சொல்வது என்ற பயம். சாத்தூர் ரோட்டில் இருந்த சின்னப் பட்டாசுக் கம்பெனிக்கு யோகேஸ்வரி வேலை கேட்டுப் போனபோது, அதன் முதலாளி ராஜபாண்டியன் அண்ணாச்சி எந்த ஊர் என்று கேட்டார். ஆனைக்குட்டம் என்றாள். அதில் பொய் ஒன்றும் இல்லை. முகாம்காரி என்று அவருக்குத் தெரிய வந்தபோது ஒரு வருஷம் ஓடியிருந்தது. "ஏம்மா சொல்லல?" என்று கேட்டார். "நீங்க ஊரைத்தான கேட்டீக அண்ணாச்சி" என்றாள். அதற்குள் பேக்கிங் பகுதியில் அவள் இல்லாமல் லோடு கிளம்பாது என்ற நிலைமை. அண்ணாச்சி சிரித்துவிட்டுப் போய்விட்டார். பதினைந்து வருஷம் அங்கேயே வேலை பார்த்தாள்.

அக்கரையில் அவளுக்கு ஒரு அக்கா இருந்தாள். தவமலர். இவளைவிடப் பத்து வயது மூத்தவள். எல்லோரும் படகேறிய வருஷத்தில்தான் தவமலருக்குக் கல்யாணம் முடிந்து, முருங்கன் பக்கத்தில் புருஷனோடு வயலில் விதைத்திருந்தாள். விதைத்த வயலை விட்டுவிட்டு வர மனசில்லை. வெட்டி முடித்துவிட்டு வருகிறோம் என்று தங்கையைக் கட்டிப்பிடித்துச் சொன்னாள். அந்த அறுவடை முடிகிற முன்னாலேயே புருஷன் வயலுக்குப் போன இடத்தில் சுடப்பட்டுச் செத்தான். யார் சுட்டது என்று இன்றைக்கு வரைக்கும் யாருக்கும் தெரியாது. அதன் பிறகு தவமலர் அந்த வயலை விட்டு அசையவில்லை. பிள்ளை இல்லை. ஒரு பசு மாடு, ஒரு ஓட்டு வீடு, ஒரு துண்டு வயல். இங்கே முகாமில் அம்மா செத்தபோதுகூட அவளால் வர முடியவில்லை. அக்காளும் தங்கையும் முகம் பார்த்து முப்பத்திரண்டு வருஷம் ஆகிவிட்டது.

போனில் மட்டும் விடவில்லை. யோகேஸ்வரியின் மகள் ரோஷினிதான் இரண்டு கரைக்கும் நடுவில் கயிறு. சிவகாசியில் பி.காம் படிக்கிற பிள்ளை. ஞாயிற்றுக்கிழமை ஆனால் பெரியம்மாவோடு வீடியோவில் உட்கார்ந்துவிடுவாள். மாட்டைக் காட்டச் சொல்வாள், கிணற்றைக் காட்டச் சொல்வாள். நேரில் ஒரு தடவைகூடப் பார்க்காத பெரியம்மாவிடம் பெற்றவளிடம் சொல்லாததை எல்லாம் சொல்வாள். தவமலருக்கு அந்தப் பிள்ளை என்றால் உயிர். யோகேஸ்வரிக்குச் சில சமயம் பொறாமையாகக்கூட இருக்கும்.

இரண்டாயிரத்து இருபத்திரண்டு ஆடி மாதம். கம்பெனிகளில் சீசன் சூடு பிடிக்கிற நேரம். காலேஜ் லீவு என்று ரோஷினியும் அம்மாவோடு வந்து லேபிள் ஒட்டிக்கொண்டிருந்தாள். வடக்கே இருந்து ஒரு பெரிய ஆர்டர் பேச ஆள் வந்திருந்தான். பூச்சட்டி, அதாவது புஸ்வாணம், எவ்வளவு உயரம் போகிறது என்று கண்ணால் பார்த்தால்தான் ஆர்டர் என்று அடம் பிடித்தான். கம்பெனி வளாகத்துக்குள் கொளுத்திப் பார்க்கக் கூடாது. அண்ணாச்சிக்கு அது தெரியாமல் இல்லை. ஆர்டர் கை நழுவிவிடுமோ என்ற அவசரத்தில் சுவர் ஓரமாக ஒன்றை வைத்துக் கொளுத்தச் சொன்னார். பூப்பூவாகக் கொட்ட வேண்டிய பூச்சட்டி டமார் என்று வெடித்தது. லேபிள் கட்டோடு அந்தப் பக்கமாக வந்த ரோஷினி முகத்தைக் காப்பாற்றக் கையைக் குறுக்கே நீட்டினாள். புறங்கையும் மணிக்கட்டும் வெந்துபோயின.

அண்ணாச்சியே காரில் தூக்கிப் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். போகிற வழியில் யோகேஸ்வரியிடம் கெஞ்சினார். கம்பெனிக்குள் கொளுத்தியது தெரிந்தால் சீசன் முடிகிற வரைக்கும் பூட்டிவிடுவார்கள், நம்மை நம்பி இத்தனை குடும்பம் இருக்கிறது, வீட்டில் எண்ணெய் கொட்டியது என்று சொல்லிவிடு தாயி என்றார். யோகேஸ்வரிக்கு அப்போது பிள்ளையின் கையைத் தவிர வேறு எதுவும் பெரிதாகத் தெரியவில்லை. சரி என்றாள். கட்டுப் போட்ட நர்ஸ் ஜாஸ்பின், "எண்ணெய்க்கு இந்தக் கருப்பு ஒட்டாதே" என்று மட்டும் சொல்லி அவள் முகத்தைப் பார்த்தாள். யோகேஸ்வரி பிள்ளையின் தலையைக் கோதிவிட்டாள். ஜாஸ்பின் மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை.

இரண்டு நாள் படுக்கையில் இருக்கட்டும் என்றார்கள். அன்று சாயங்காலம் தவமலர் கூப்பிட்டாள். அக்காவோடு எப்போதும் வீட்டுத் தமிழில்தான் யோகேஸ்வரி பேசுவாள். அன்றைக்கு ஆஸ்பத்திரி வராந்தாவில், சுற்றிலும் கம்பெனி ஆட்கள் நிற்க, காலையிலிருந்து இந்த ஊர்ப் பேச்சே பேசிக் களைத்திருந்த நாக்கு மாறவில்லை.

"அக்கா, ரோஷினிக்கு வெடி பட்டுருச்சு. ஆஸ்பத்திரில வச்சிருக்கோம்" என்றாள்.

அதற்கு மேல் சொல்வதற்குள் லைன் அறுந்துவிட்டது. அந்த வருஷம் அங்கே மணிக்கணக்காகக் கரண்ட் போகும், டவர் போகும். பெட்ரோலுக்கு வரிசை, பால்மாவுக்கு வரிசை. திரும்பத் திரும்ப அடித்துப் பார்த்தாள். போகவில்லை. மறுநாளும் போகவில்லை. கரண்ட் வந்ததும் அக்காவே கூப்பிடுவாள் என்று விட்டுவிட்டாள்.

சிவகாசியில் வெடி என்றால் பட்டாசு. பச்சைப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். அக்கரையில் பட்டாசுக்குச் சீனவெடி என்று பெயர். வெறும் வெடி என்றால் துப்பாக்கிச் சூடு. வெடி பட்டது என்றால் குண்டு பாய்ந்தது. தவமலரின் புருஷன் செத்த அன்று ஊர்க்காரர்கள் அவளிடம் ஓடி வந்து சொன்னதும் இந்தச் சொல்லைத்தான். இப்போது போனில் கேட்டதும் அதே சொல். பிள்ளையைச் சுட்டுவிட்டார்கள், ஆஸ்பத்திரியில் கிடக்கிறது. அவளுக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

பஞ்சம் தாங்காமல் தலைமன்னாரிலிருந்து ஆட்கள் படகேறிக்கொண்டிருந்த காலம் அது. தவமலர் மாட்டைப் பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டு, கழுத்துக் கொடியைக் கழற்றிப் படகுக்காரனிடம் கொடுத்துவிட்டு ஏறினாள். முப்பத்திரண்டு வருஷமாக எந்தக் குண்டுக்கும் எந்தப் பசிக்கும் அசையாத மனுஷி ஒரே ஒரு சொல்லுக்குக் கடல் தாண்டினாள். படகுக்காரன் வழக்கம்போல அரிச்சல்முனைக்கு அந்தப் பக்கம் மணல் திட்டில் இறக்கிவிட்டுத் திரும்பிவிட்டான். விடிந்த பிறகு மீன்பிடிக்கப் போனவர்கள் பார்த்துச் சொல்ல, கடலோரக் காவல் போலீஸ் வந்து எல்லோரையும் கரைக்குக் கொண்டுவந்தது.

யோகேஸ்வரிக்கு இது எதுவும் தெரியாது. ஐந்தாம் நாள் மத்தியானம், ரோஷினியை வீட்டுக்கு அழைத்து வந்திருந்த நேரத்தில், சாதா உடையில் இரண்டு போலீஸ்காரர்கள் முகாமுக்கு வந்தார்கள். மரியாதையாகத்தான் பேசினார்கள். உங்கள் பிள்ளையின் கைக்கு என்ன ஆனது என்று கேட்டார்கள். யோகேஸ்வரிக்கு அண்ணாச்சியின் முகம் நினைவுக்கு வந்தது. எண்ணெய் கொட்டிவிட்டது என்றாள். வாசலில் விளையாடிக்கொண்டிருந்த வாண்டுகளோ, ரோஷினி அக்காவுக்கு வெடி பட்டது என்று ஒரே குரலில் சொல்லித் தொலைத்தன.

மூத்தவர் நோட்டை மூடினார். "உங்க அக்கா தவமலர் முந்தாநாள் மணல் திட்டுல இறங்கிருக்காங்க. எதுக்கு வந்தீங்கன்னு கேட்டா, சிவகாசியில என் தங்கச்சி பிள்ளைக்கு வெடி வச்சுட்டாங்கன்னு சொல்றாங்க. யார் வச்சதுன்னு கேட்டா, அங்க இருக்கிற ஆமிக்காரராத்தான் இருக்கும்ங்கிறாங்க. நீங்க எண்ணெய்ங்கிறீங்க. ஒரு கைக்கு எத்தனை கதைம்மா?"

அக்கா வந்திருக்கிறாள். கடல் தாண்டி, ஒற்றை ஆளாக. அந்த நொடியில்தான் தான் என்ன வார்த்தை சொன்னோம் என்பது யோகேஸ்வரிக்குச் சுரீர் என்று உறைத்தது. அக்கரையில் வெடி வைப்பது என்றால் சுடுவது. இக்கரையில், அதுவும் போலீஸ் காதுக்கு, வெடி வைப்பது என்றால் குண்டு வைப்பது. எல்லை தாண்டி வந்த ஒருத்தி, பட்டாசு ஊரில் குண்டு வைத்துவிட்டார்கள் என்று சொன்னால் போலீஸ் சும்மா இருக்குமா? இருக்கக் கூடாதுதானே.

மூத்தவர் மறைக்காமல் சொன்னார். கூட வந்த குடும்பங்களை மண்டபம் முகாமில் வீட்டுக்கு வீடு பிரித்துக் குடிவைத்தாகிவிட்டது. தவமலரை மட்டும் தனியாக வைத்து விசாரிக்கிறார்கள். சந்தேகம் தீராவிட்டால் வழக்குப் போட்டுச் சிறப்பு முகாமுக்கு அனுப்ப வேண்டி வரும். அங்கே போனால் எப்போது வெளியே வருவார் என்று தன்னால் சொல்ல முடியாது. உண்மை ஏதாவது இருந்தால் நேரில் வந்து சொல்லுங்கள் என்றார்.

அவர்கள் போனதும் யோகேஸ்வரி அழுதாள். கொஞ்ச நேரம்தான். பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு நேராகக் கம்பெனிக்குப் போனாள். அண்ணாச்சிக்குத் தெரியாமலே போய்ப் போலீஸில் சொல்லிவிடலாம். அது அவளுக்குப் பிடிக்கவில்லை.

ராஜபாண்டியன் அண்ணாச்சி முதலில் தணிந்துதான் பேசினார். சொந்தக்காரப் பிள்ளை ஒன்று விளையாட்டாகத் தெருவில் போட்ட வெடி என்று சொல்லிவிடலாமே என்றார். அதுவும் பொய்தானே என்றாள் யோகேஸ்வரி. ஏற்கெனவே மூன்று கதை இருக்கிறது, நாலாவதாக ஒன்றைக் கொண்டுபோனால் அக்கா உள்ளேயே கிடக்க வேண்டியதுதான் என்றாள். அண்ணாச்சிக்குக் கோபம் வந்தது.

"முகாம் ஆளுன்னு தெரிஞ்சும் இத்தனை வருஷமா வேலை குடுத்தேன். அதுக்கு இதுதானா?"

"அதை மறந்தா நான் மனுஷி இல்ல அண்ணாச்சி. அதான் ஒங்ககிட்ட முதல்ல சொல்ல வந்தேன். நாளைக்கு நான் போய் நடந்ததைச் சொல்லப் போறேன். கம்பெனிக்குள்ள கொளுத்துனதையும் சொல்லுவேன். எனக்கு இருக்கது ஒரே அக்கா."

அண்ணாச்சி நாளை முதல் வேலைக்கு வர வேண்டாம் என்றார். யோகேஸ்வரி தலையை ஆட்டிவிட்டு, பேக்கிங் ஷெட்டில் தொங்கிய தன் தூக்குவாளியை எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். கூட வேலை பார்த்த வீரலட்சுமி வாசல் வரைக்கும் வந்து, கம்பெனியைப் பூட்டிவிட்டால் நாங்கள் எங்கே போவோம் என்று கேட்டாள். பஸ்ஸில் வீடு வரும் வரைக்கும் அந்தக் கேள்விதான் அவளை அறுத்தது.

மறுநாள் காலையில் முகாம் அதிகாரியிடம் அனுமதி வாங்கிக்கொண்டு, கட்டுப் போட்ட கையோடு ரோஷினியையும் கூட்டிக்கொண்டு புறப்பட்டாள். விருதுநகர், அருப்புக்கோட்டை, பரமக்குடி, ராமநாதபுரம் என்று பஸ் மாறி மாறி மண்டபம் போய்ச் சேர்ந்தார்கள். ஒன்பது வயதில் லாரி ஏறிய இடம். நின்று பார்க்க அவளுக்கு நேரமில்லை.

விசாரணை அதிகாரி செல்வமணி என்ற பெண் இன்ஸ்பெக்டர். முதலில் உள்ளே விடவே யோசித்தார்கள். நாளைக்கு வாருங்கள் என்றார்கள். யோகேஸ்வரி அங்கேயே ஒற்றைக் காலில் நின்றாள். வெயிலில் பிள்ளை கையைப் பிடித்துக்கொண்டு நிற்பதைப் பார்த்துச் செல்வமணியே கூப்பிட்டார்.

யோகேஸ்வரி எதையும் விடாமல் சொன்னாள். பூச்சட்டி, அண்ணாச்சி, எண்ணெய்ப் பொய், போனில் சொன்ன அந்த ஒரு வாக்கியம், அறுந்த லைன். செல்வமணி குறுக்கிடாமல் கேட்டார். ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டு ஜாஸ்பினிடம் பேசினார். மருந்துக் கருப்பைத் தானும் பார்த்ததாக ஜாஸ்பின் மறைக்காமல் சொன்னாள். ஆனாலும் இன்ஸ்பெக்டருக்கு ஒன்று இடித்தது. அக்காவும் தங்கையும் பேசி வைத்துக்கொண்டு ஒரு வார்த்தையின் மேல் பழியைப் போட்டால் அதை எப்படிக் கண்டுபிடிப்பது? வெடி என்றால் துப்பாக்கிச் சூடு என்பது நீங்கள் சொல்வதுதானே என்று கேட்டார். நியாயமான கேள்விதான்.

யோகேஸ்வரி யோசித்தாள். அக்காவிடம் அதைக் கேட்கச் சொல்ல அவளுக்கு மனசில்லை. வேறு வழியில்லை.

"மேடம், நான் இங்கனயே நிக்கேன். அக்காகிட்ட நான் வந்தது தெரிய வேண்டாம். அவக புருஷன் எப்படிச் செத்தாகன்னு மட்டும் கேளுங்க."

தடுப்புச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் தவமலர் இருந்தாள். செல்வமணி உள்ளே போய்ச் சாதாரணமாகக் கேட்டார். பிறகு முப்பத்திரண்டு வருஷமாகப் போனில் மட்டும் கேட்ட குரல் சுவருக்கு அப்பாலிருந்து நேரில் கேட்டது.

"வயலுக்குப் போனவர். வெடி பட்டுச் செத்தவர்."

"வெடின்னா? பட்டாசா?"

"பட்டாசோ? என்ன கதைக்கிறீங்கள் அம்மா. துவக்கால சுட்டது. நெஞ்சில பட்டது. நான்தான் தூக்கிக் கொண்டு வந்தனான்."

இந்தப் பக்கம் யோகேஸ்வரி சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டாள். அத்தானை அக்காவே தூக்கி வந்தாள் என்பது அவளுக்கு அன்றைக்குத்தான் தெரியும். இத்தனை வருஷத்தில் அக்கா அதைச் சொன்னதில்லை.

செல்வமணி வெளியே வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். பிறகு, நீங்கள் கம்பெனி பற்றிச் சொன்னதை எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும், அது மேலே போகும், தெரியும்தானே என்றார். தெரியும் என்று சொல்லி யோகேஸ்வரி கையெழுத்துப் போட்டாள். அதற்குப் பிறகே கதவு திறந்தது.

தவமலர் தங்கையைப் பார்க்கவில்லை. முதலில் ரோஷினியைத்தான் பார்த்தாள். ஓடிவந்து தலையைத் தடவி, தோளைத் தடவி, வயிற்றைத் தடவி, குண்டு பாய்ந்த இடத்தைத் தேடினாள். ரோஷினி கட்டுப் போட்ட கையைத் தூக்கிக் காட்டி, "இங்க மட்டும்தான் பெரியம்மா" என்றாள். தவமலர் அந்தக் கையையே பார்த்துக்கொண்டு நின்றாள். இவ்வளவுதானா, இவ்வளவுதானா என்று கேட்டுக்கொண்டே தரையில் உட்கார்ந்து சிரித்தாள். சிரிப்பு அழுகையாகி, மூன்று பேரும் சேர்ந்து அழுதார்கள். அதன் பிறகுதான் தங்கையின் கன்னத்தில் லேசாக ஒரு அடி விழுந்தது.

"நீ ஏன்டி என்னோட பிறத்தி மனுசர் மாதிரிக் கதைச்சனி?"

யோகேஸ்வரிக்கு அந்த அடி வலிக்கவில்லை. கேள்விதான் வலித்தது.

கண்ணைத் துடைத்துக்கொண்டதும் தவமலர் சொன்ன அடுத்த வார்த்தை யாரும் எதிர்பாராதது. பிள்ளையைப் பார்த்தாகிவிட்டது, நாளைக்கு என்னை அனுப்பிவிடச் சொல், மாடு என்னைத் தேடும் என்றாள். செல்வமணி எடுத்துச் சொன்னார். கள்ளத்தனமாக வந்தவரை நினைத்தபோது அனுப்ப முடியாது, இரண்டு நாட்டுக் காகிதமும் சேர வேண்டும், அதுவரைக்கும் தங்கையோடு இருக்கலாம் என்றார். பசி தாங்காமல் வந்தேன் என்று மற்றவர்கள் மாதிரி எழுதிக்கொடுத்தால் சுலபம் என்றும் சொன்னார். தவமலர் மாட்டேன் என்றாள். பிள்ளையைப் பார்க்க வந்தேன், அப்படியே எழுதுங்கள் என்றாள். பிடிவாதத்தில் அக்காளுக்கும் தங்கைக்கும் வித்தியாசம் கிடையாது.

ஆனைக்குட்டத்துக்கு வந்தார்கள். அண்ணாச்சியின் கம்பெனியைச் சில வாரம் பூட்டிவைத்தார்கள். திறந்த பிறகு மற்றவர்கள் வேலைக்குப் போனார்கள். யோகேஸ்வரியை மட்டும் கூப்பிடவில்லை, அவளும் போய் நிற்கவில்லை. வீரலட்சுமி பஸ் ஸ்டாப்பில் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். அது நியாயம்தான் என்று யோகேஸ்வரி அதைப் பொறுத்துக்கொண்டாள். காலண்டர் அச்சடிக்கிற பிரஸ் ஒன்றில் பைண்டிங் வேலைக்குச் சேர்ந்தாள்.

தவமலர் இங்கே நன்றாகத்தான் இருந்தாள். ஆடிக் கடைசி வெள்ளிக்கு இருக்கன்குடி கோயிலுக்குக் கூட்டிப்போனார்கள். ரோஷினிக்குத் தலைவாரிவிட்டாள். ஆனால் மழை பெய்தால், முருங்கனில் பெய்யுமா என்பாள். பக்கத்து வீட்டுக்குப் போன் போட்டு மாட்டோடு பேசுவாள். யோகேஸ்வரிக்கு அக்காவைத் தன்னோடே வைத்துக்கொள்ள வேண்டும் என்ற ஆசை மலையளவு இருந்தது. ஒரு நாள் சாப்பிடும்போது அதைச் சொல்லியும் பார்த்தாள். தவமலர் சோற்றைப் பிசைந்துகொண்டே, அவரைப் புதைத்த இடம் அங்கே இருக்கிறது என்று மட்டும் சொன்னாள். அன்றோடு யோகேஸ்வரி தன் ஆசையை மூட்டை கட்டி வைத்தாள். அக்காவை வெளியே கொண்டுவர எந்த வீம்போடு நின்றாளோ, அதே வீம்போடு அவளை அனுப்பி வைக்க ஆரம்பித்தாள். லீவு கிடைத்த நாளெல்லாம் கலெக்டர் ஆபீஸ், போலீஸ் ஆபீஸ், சென்னையில் தூதரகம். இரண்டு வருஷத்துக்கு மேல் ஆனது.

மதுரை விமான நிலையத்தில் வழியனுப்பப் போனார்கள். கண்ணாடிக் கதவோடு இவர்களை நிறுத்திவிட்டார்கள். தவமலர் உள்ளே போகிற முன் தங்கையின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, நான் ஒருக்கா வந்திட்டன், இனி நீதான் வரவேணும் என்றாள். யோகேஸ்வரி வருவேன் என்று சொல்லிவிட்டாள். சொன்ன பிறகே, எதை வைத்துக்கொண்டு போவது என்ற நினைப்பு வந்தது. அவளுக்கு அந்த நாட்டுப் பாஸ்போர்ட்டும் இல்லை, இந்த நாட்டுப் பாஸ்போர்ட்டும் இல்லை.

சொன்ன வார்த்தையை விடுகிற ஆள் இல்லை அவள். அடுத்த திங்கட்கிழமையே விருதுநகரில் கலெக்டர் ஆபீஸ் குறைதீர்க்கும் நாளுக்குப் போனாள். அங்கே லட்சுமிகாந்தம் என்ற அதிகாரி நல்ல மனுஷர். மனுவை வாங்கிப் படித்துவிட்டு, ஊருக்கே போகிறீர்களா, அதற்கு ஏற்பாடு செய்யலாமே என்றார். ஊருக்குப் போகவில்லை, அக்காவைப் பார்த்துவிட்டு வர வேண்டும் என்றாள். அவர் பேனாவைக் கீழே வைத்தார்.

"போறதுக்கு வழி இருக்கும்மா. போனா திரும்பி வர வழி கிடையாது. இந்த ரெண்டுல ஒண்ணுதான்."

"எம் பிள்ளை இங்கன இருக்கா. எங்க அம்மாவைப் பொதைச்சது இங்கன. எங்க அக்கா அங்கன இருக்கா. ரெண்டும் வேணும் சார்."

"அதுக்கு இப்ப விதி இல்லையேம்மா."

"எப்ப வரும்?"

"அது எனக்கு எப்படித் தெரியும்?"

"அப்ப அடுத்த திங்கக்கிழமையும் வாரேன்" என்றாள் யோகேஸ்வரி.

லட்சுமிகாந்தம் அதைச் சும்மா சொல்கிறாள் என்றுதான் நினைத்தார். அடுத்த திங்கட்கிழமை காலையில் அவர் தலை நிமிர்ந்தபோது எதிரே நின்றாள். அதற்கடுத்த திங்கட்கிழமையும் நின்றாள். கோபப்பட்டுப் பார்த்தார், சமாதானம் சொல்லிப் பார்த்தார். இப்போதெல்லாம் நாற்காலியை இழுத்துப் போட்டு, உட்காருங்க, இன்னும் வரலை என்கிறார். சரி சார் என்று மனுவைக் கொடுத்துவிட்டு, பிரஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று அவள் சிவகாசி பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறாள்.

போன திங்கட்கிழமையும் போயிருந்தாள்.